தோட்டத்துப் பெயர்கள்

சென்ற மாதம் மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் என் தங்கை வீட்டில், அவளுடைய பேத்திக்குப் பெயர் வைப்பது பற்றிப் பேச உட்கார்ந்தோம். குழந்தையின் தந்தை, எண்கணிதம் பார்ப்பவர் எழுதிக் கொடுத்த மூன்று பெயர்களை ஒரு தாளில் கொண்டுவந்திருந்தார். எந்த எழுத்தை இரட்டிக்க வேண்டும், எங்கே ஓர் 'எச்' சேர்க்க வேண்டும் என்ற குறிப்புகள் அதில் இருந்தன. எந்தப் பெயருக்கும் பொருள் எழுதப்படவில்லை. கேட்டபோது யாருக்கும் சொல்லவும் தெரியவில்லை. எங்கள் அம்மாவின் பெயரான மாரியாயியை வைக்கலாமே என்றேன். "பெரியம்மா, அது தோட்டத்துப் பெயர்" என்றார் மாப்பிள்ளை. அவர் நல்ல பிள்ளை, மரியாதைக் குறைவாகச் சொல்லவில்லை. ஆயினும் அந்தச் சொல்லுக்கு அங்கே பதில் சொல்ல வாய் வராமல் திரும்பிவிட்டேன். அதை இங்கே எழுதுகிறேன்.

ரப்பர்த் தோட்டங்களில், விடியுமுன் தொழிலாளர்கள் கூடும் பிரட்டுக்களத்தில், கிராணி என்ற எழுத்தர் செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டைப் பார்த்துக் கூப்பிட்ட பெயர்கள்தாம் தோட்டத்துப் பெயர்கள்: முனியாண்டி, மாரியாயி, குப்புசாமி, பிச்சையம்மா, சின்னப்பன், சூசை, லெட்சுமி. இவற்றுள் நம் பிள்ளைகள் மிகவும் கூச்சப்படுவது குப்புசாமி, குப்பம்மாள் என்ற பெயர்களுக்கு. எங்கள் லயத்தில், அதாவது தொழிலாளர் குடியிருப்பு வரிசையில், நான்கு குப்பம்மாள்கள் இருந்தார்கள். என் பாட்டி அவர்களில் ஒருவர். அவருக்கு முன் பிறந்த மூன்று பிள்ளைகள் தங்கவில்லை. அப்படிப்பட்ட வீட்டில் அடுத்துப் பிறக்கும் குழந்தையைக் குப்பைமேட்டில் சற்று நேரம் கிடத்தி, யாரோ போட்டுவிட்டுப் போன பிள்ளையைப் போல எடுத்துவந்து, குப்பன் என்றோ குப்பம்மாள் என்றோ பெயரிடுவார்கள். இது ஒருவருக்கும் வேண்டாத பிள்ளை என்று எமன் நம்பிவிட்டால் உயிர் பிழைத்துவிடும் என்பது நம்பிக்கை. பிச்சை என்ற பெயரும் அதே அச்சத்தில் பிறந்தது. தம் பிள்ளையையே தெய்வத்திடம் இரந்து வாங்கிக்கொண்டவர்களின் பெயர் அது. அந்தப் பெயரைக் கேட்டுச் சிரிக்கிறவர்கள், பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாய் அடுத்த பிள்ளையைக் காக்கச் செய்த தந்திரத்தைப் பார்த்துச் சிரிக்கிறார்கள்.

இது நம் பட்டிக்காட்டுத்தனம் என்று எண்ணுகிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். சீனர்களிடமும் நாய், பன்றி எனப் பொருள்படும் செல்லப்பெயர்களைச் சூட்டித் தீய ஆவிகளை ஏமாற்றும் வழக்கம் இருந்தது. நாய் தின்று மிச்சம் வைத்தது என்றே பொருள்படும் ஒரு பெயர் சீனக் கிராமங்களில் பரவலாக வழங்கியது. ஐரோப்பிய யூதர்கள், நோயுற்ற குழந்தைக்கு 'ஆல்டர்', அதாவது கிழவர், என்று பெயரிட்டார்கள். பிள்ளையைத் தேடி வரும் மரணதூதன் கிழவரின் பெயரைக் கேட்டுக் குழம்பிப் போவான் அல்லவா? ஜாவாவில் 1901இல் பிறந்த குஸ்னோ என்ற பையனுக்கு அடிக்கடி நோய் வந்ததால், தந்தை பெயரை மாற்றி மகாபாரதத்துக் கர்ணனின் பெயரை வைத்தார். நல்ல என்று பொருள்படும் 'சு' முன்னே சேர்ந்து அவர் சுகர்ணோ ஆனார்; இந்தோனேசியாவின் முதல் அதிபரும் ஆனார். அவருடைய மகள் மேகவதி சுகர்ணோபுத்ரி. புத்ரி என்றால் மகள். நம் அடையாள அட்டைகளில் பெயருக்கும் தந்தை பெயருக்கும் நடுவே நிற்கும் 'ஏ/பி', அதாவது மலாய் மொழியின் 'அனாக் பெரம்புவான்', சொல்வதும் அதைத்தான்.

சின்னப்பன், சூசை ஆகிய இரண்டு பெயர்களும் எனக்கு எப்போதும் வியப்பளிப்பவை. பவுலுஸ் என்ற இலத்தீன் சொல்லுக்குச் சிறியவர் என்று பொருள். அந்தப் பொருளைத் தமிழில் வைத்துத்தான் நம் கத்தோலிக்க முன்னோர் பவுலைச் சின்னப்பர் என்றார்கள். இறைவன் அருள்கூர்ந்தார் எனப் பொருள்படும் யோவான் அதே முறையில் அருளப்பர் ஆனார். சூசையின் கதை வேறு. 'அவர் இன்னும் சேர்த்துத் தருவாராக' என்ற எபிரேயப் பொருளுள்ள யோசேப்பு, போர்த்துக்கீசியர் வாயில் 'ஜோசே' ஆகி, நம் கடற்கரைக்கு வந்து சூசை ஆயிற்று. அரபு வழியாக மலாய்க்காரர்களிடம் யூசோப் ஆயிற்று. ஒரே தோட்டத்தில் பால்மரம் வெட்டிய சூசையும், காவலுக்கு நின்ற யூசோப்பும், ஆங்கிலேயரான ஜோசப் துரையும் ஒரே பெயர்க்காரர்கள் என்பதை அவர்களில் எத்தனை பேர் அறிந்திருப்பார்கள்?

எண்கணிதத் தாளுக்கு வருகிறேன். நட்சத்திரம் பார்த்துப் பெயரிடுவதை நான் குறை சொல்லவில்லை. 27 நட்சத்திரங்கள், ஒவ்வொன்றுக்கும் நான்கு பாதங்கள், ஆக 108 முதலெழுத்துகள் என்று கணக்கு இருக்கிறது. ஆனால் அந்தக் கணக்கு முதல் எழுத்தை மட்டுமே தருகிறது; மீதியை நாம்தான் பொருளோடு நிரப்ப வேண்டும். கானா நாட்டு அக்கான் மக்கள் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண் குழந்தையைக் கோஃபி என்றும் சனிக்கிழமை பிறந்தவனைக் குவாமே என்றும் அழைக்கிறார்கள்; ஐக்கிய நாடுகள் சபையின் தலைமைச் செயலாளராயிருந்த கோஃபி அன்னானின் பெயரில் அவர் பிறந்த கிழமை வாழ்நாளெல்லாம் இருந்தது. நாமோ எழுத்தை வாங்கிக்கொண்டு, அதன் பின்னால் காதுக்குப் புதிதாக ஒலிக்கும் எதையாவது ஒட்டிவிடுகிறோம்.

இதன் விளைவை நான் வகுப்பறையில் கண்டேன். முப்பது ஆண்டுகளுக்கு மேல் தமிழ்ப்பள்ளியில் முதலாம் ஆண்டுப் பிள்ளைகளுக்குக் கற்பித்தவள் நான். பிறப்புப் பத்திரத்தில் உள்ள பெயரைத் தமிழில் எப்படி எழுதுவது என்று பெற்றோரைக் கேட்டால், ஆண்டு செல்லச்செல்ல, "நீங்களே பார்த்து எழுதுங்கள், டீச்சர்" என்ற பதில்தான் கூடிக்கொண்டு போயிற்று. தன் பெயரைத் தன் மொழியில் எழுத ஒரு பிள்ளை முதன்முதலாகப் பென்சிலைப் பிடிக்கும்போது, அதற்கு எழுத்துக்கூட்டு இல்லை என்று அறிவது சிறிய காரியமா? கிராணிமாரும் நம் பெயர்களைச் சிதைத்துத்தான் எழுதினார்கள். ஆனால் அவர்கள் காதில் விழுந்ததை எழுதினார்கள். லெட்சுமி என்ற பெயருக்கு இடையே இன்றும் நிற்கும் அந்த ஆங்கில 'டி', நம் பாட்டிமார் அதை உச்சரித்த விதத்தின் அடையாளம். அன்பழகனின் ழகரம் மட்டும் அந்த எழுத்தில் தொலைந்துபோனது எனக்குத் தீராத வருத்தம்.

அப்படியானால் தூய தமிழ்ப் பெயர்தான் வைக்க வேண்டுமா என்று கேட்பார்கள். 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய வேதாசலம், வேதத்தை மறை என்றும் அசலத்தை மலை என்றும் பெயர்த்து மறைமலை அடிகள் ஆனதை நான் பெரிதும் மதிக்கிறேன். 1929இன் இறுதியில் பெரியார் மலாயாவுக்கு வந்தார். அவருக்குப் பின் சீர்திருத்தம் பேசிய தலைமுறையின் வீடுகளில் கதிரவன்களும் தமிழ்ச்செல்விகளும் பிறந்தது நமக்குப் பெருமை. ஆனால் வேர்மொழியை மட்டும் அளவுகோலாக வைத்தால், வடமொழி முனியும் தமிழ் ஆண்டியும் சேர்ந்த முனியாண்டி தேறமாட்டார். எங்கள் சுங்கை சிப்புட்டில் 1919இல் பிறந்து நாட்டின் அமைச்சராக உயர்ந்த துன் சம்பந்தனின் பெயரும் தேறாது. அந்தப் பெயருக்குரிய திருஞானசம்பந்தரோ தம் பதிகங்களில் தம்மைத் 'தமிழ் ஞானசம்பந்தன்' என்றே சொல்லிக்கொள்கிறார். வைத்தவர்களுக்குப் பொருள் தெரிந்திருக்க வேண்டும், பிள்ளை கேட்டால் சொல்ல ஒரு கதை இருக்க வேண்டும், தமிழில் எழுத வர வேண்டும். நான் கேட்பது இவ்வளவுதான்.

பழையவை எல்லாவற்றையும் மீட்க வேண்டும் என்றும் நான் சொல்லவில்லை. அடுத்தடுத்துப் பெண்ணாய்ப் பிறந்தால் 'போதும்பொண்ணு' என்று பெயர் வைத்தார்கள். சீனர்களும் பெண்ணுக்குத் 'தம்பியை அழைத்து வா' என்ற பொருளில் பெயரிட்டார்கள். தன் பெயரைச் சொல்லும்போதெல்லாம் தான் வேண்டப்படாதவள் என்று சொல்லவேண்டியிருந்த பெண்களை நான் அறிவேன். குப்பம்மாள் வேண்டிப் பெற்ற பிள்ளை, போதும்பொண்ணு அப்படியல்ல. அந்தப் பெயர் ஒழிந்ததே நல்லது.

இவற்றையெல்லாம் தங்கை மகளிடம் தொலைபேசியில் சொன்னேன். மாரி என்றால் மழை, ஆயி என்றால் தாய், மழை பெய்தால் பால் வெட்டு இல்லை, வெட்டில்லாத நாளுக்குச் சம்பளமும் இல்லை, அப்படிப்பட்ட தோட்டத்திலும் உன் கொள்ளுப்பாட்டி தன் மகளுக்கு மழையின் பெயரையே வைத்தார் என்றேன். மூன்று நாள் கழித்து அவளே அழைத்து, மாரி என்று மட்டும் வைக்கலாமா என்று கேட்டாள். மாப்பிள்ளைக்கு ஒரு தயக்கம் இருந்ததாம்: மலாய் மொழியில் 'மாரி' என்றால் வா என்று பொருளாயிற்றே, பள்ளியில் யார் யாரையோ கூப்பிடும்போதெல்லாம் பிள்ளை திரும்பிப் பார்க்குமே என்றாராம். பதிவு அலுவலகத்தில் முகப்பிடத்திலிருந்த மலாய்ப் பெண்ணும் பெயரைப் படித்துவிட்டு அதையே கேட்டிருக்கிறார். தமிழில் மழை என்று மாப்பிள்ளைதான் விளக்கியிருக்கிறார். "ஹுஜான்" என்று அந்தப் பெண் ஒருமுறை தமக்குள் சொல்லிப் பார்த்துவிட்டு, முத்திரை குத்திக் கொடுத்தாராம்.