நெப்டியூனுக்கு அந்தப் பக்கம் ஒரு தட்டுவடை செட்

(சேலம் செவ்வாய்ப்பேட்டையில் ஒரு தெருமுனை. மழை இப்போதுதான் விட்டிருக்கிறது. செல்வியக்கா தன் தள்ளுவண்டியில் தட்டு டப்பாவின் மூடியை அழுத்தி மூடுகிறார். தட்டு என்றால் மொறுமொறு தட்டை; இரண்டு தட்டுக்கு நடுவில் காய்த் துருவலும் சட்னியும் வைத்தால் ஒரு தட்டுவடை செட். கொலுசுப் பட்டறை வேலை முடித்த கோவிந்தன், பென்சிலும் சார்ட் பேப்பருமாக வந்து நிற்கிறார்.)

கோவிந்தன்: அக்கா, ஒரு செட்டுக்கு நடுவில் பீட்ரூட் எவ்வளவு வைப்பீர்கள்? கணக்காகச் சொல்லுங்கள்.

செல்வி: ஏன் கண்ணு, எதிரில் வண்டி போடப் போகிறாயா?

கோவிந்தன்: கோள் போடப் போகிறேன். பாப்பாவுக்கு வீட்டுப்பாடம். கற்பனையாக ஒரு கோளை வரைந்து, அது எதனால் ஆனது, எங்கே சுற்றுகிறது என்று எழுத வேண்டுமாம். நாளைக்குக் கொடுக்க வேண்டும்.

செல்வி: பாப்பா எங்கே?

கோவிந்தன்: டிவி பார்க்கிறாள்.

செல்வி: சரி, மேலே சொல்.

கோவிந்தன்: கீழே ஒரு தட்டு, மேலே ஒரு தட்டு. ஒவ்வொன்றும் பத்தாயிரம் கிலோமீட்டர் அகலம். நடுவில் காரச் சட்னிக் கடல். கடலோரமாகப் பீட்ரூட் மலைத்தொடர்.

செல்வி: துருவிய பீட்ரூட் மலையாக நிற்காது, தண்ணீர் விட்டுவிடும். மலைக்குக் கேரட் போடு.

கோவிந்தன்: (எழுதுகிறார்) மலைகள், கேரட். ஆறுகள், பீட்ரூட். ஆனால் ஒரு சிக்கல் இருக்கிறது அக்கா. இவ்வளவு பெரிய பொருள் தட்டையாக இருக்க முடியாதாம். அதன் ஈர்ப்பே எல்லாப் பக்கத்திலிருந்தும் நடுவை நோக்கி இழுத்து உருண்டையாக்கிவிடும். சனிக்கு மைமாஸ் என்று ஒரு பனி நிலா, 400 கிலோமீட்டர்கூட இல்லை, அதுவே உருண்டைதான்.

செல்வி: அப்போ நான் தட்டு போட்டால் போண்டா வரும்.

கோவிந்தன்: ஆமாம்.

செல்வி: போண்டாவை எதிர்க்கடைக்காரர் விற்கிறார். நமக்கு வேண்டாம். சின்னதாகப் போடு.

கோவிந்தன்: சின்னதென்றால் நிஜமாகவே ஒன்று இருக்கிறது! அரோக்கோத். நெப்டியூனையும் தாண்டி அந்தப் பக்கம். நீளம் 36 கிலோமீட்டர் இருக்கும். நியூ ஹொரைசன்ஸ் விண்கலம் 2019 ஜனவரி 1 அன்று பக்கத்தில் போய்ப் படம் எடுத்தது. இரண்டு துண்டு, இரண்டும் தட்டை, ஒட்டிக்கொண்டிருக்கின்றன. இதோ பாருங்கள்.

செல்வி: (கைப்பேசியை வாங்கிக் கண்ணருகே வைத்துப் பார்க்கிறார்) யார் அடுக்கியது இது? ஒன்றின் மேல் ஒன்று வைக்காமல் ஓரத்தோடு ஓரம் ஒட்டியிருக்கிறது. சட்னியையும் உள்ளே வைக்காமல் வெளியே பூசியிருக்கிறார்கள்.

கோவிந்தன்: அது சட்னி இல்லை. மெத்தனால் பனி இருக்கிறதாம். கோடிக்கணக்கான வருஷம் கதிர் பட்டுப் பட்டு மேல்பரப்பு சிவந்துவிட்டது. இரண்டு துண்டும் மெதுவாக நெருங்கி, அலுங்காமல் ஒட்டியிருக்கின்றன.

செல்வி: வேகமாக மோதியிருந்தால்?

கோவிந்தன்: சுக்குநூறாகியிருக்கும்.

செல்வி: நொறுக்கல் ஆகியிருக்கும் என்று சொல். அதற்கும் ஆள் வருவார்கள்.

கோவிந்தன்: நொறுக்கல் ஏற்கெனவே ஸ்டாக் இருக்கிறது அக்கா. செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவில் லட்சக்கணக்கில் சிறுகோள்கள். அப்புறம் சனிக்குப் பான் என்று இன்னொரு நிலா, அப்படியே சோமாசி. 2017இல் காசினி விண்கலம் எடுத்த படம் இது.

செல்வி: பார்த்தாலே தெரிகிறது, ஓரம் அகலம், பூரணம் கம்மி.

கோவிந்தன்: வளையத்துத் தூசி இடுப்பைச் சுற்றிப் படிந்து அப்படி மேடு தட்டிவிட்டதாம்.

செல்வி: எதற்கோ ஒரு காரணம் வைத்திருக்கிறாய். சரி, உன் கோளில் மழை உண்டா?

கோவிந்தன்: காற்றே கிடையாது, மழை எங்கிருந்து வரும்? குளிர் மைனஸ் 200க்கும் கீழே. ஈரப்பதம் சுத்தமாக இல்லை.

(அக்காவின் கை டப்பா மூடியிலேயே நிற்கிறது. இதுவரை பொழுதுபோக்காகக் கேட்டவர் இப்போதுதான் நிஜமாகக் கேட்கிறார்.)

செல்வி: அப்போ தட்டு நமுக்காது.

கோவிந்தன்: நமுக்காது.

செல்வி: எத்தனை நாளைக்கு?

கோவிந்தன்: அரோக்கோத் 450 கோடி வருஷமாகக் கிட்டத்தட்ட அப்படியே இருக்கிறதாம்.

செல்வி: இங்கே புரட்டாசி மழையில் நாலு மணி நேரம் தாங்குவதில்லை கண்ணு! டப்பாவுக்குள் பேப்பர், பேப்பருக்குள் கவர், கவருக்கு ரப்பர் பேண்ட். அப்படியும் கடித்தால் சத்தமே வராது. சத்தம் வராத தட்டுக்கு யார் காசு கொடுப்பார்கள்? பீட்ரூட்டை விடு, இதை முதலில் எழுது. பெரிய எழுத்தில்.

கோவிந்தன்: அங்கே கடித்தாலும் சத்தம் வராது அக்கா. சத்தம் பரவக் காற்று வேண்டும்.

செல்வி: (யோசித்து) பல்லுக்குத் தெரியும், அது போதும். சட்னி?

கோவிந்தன்: காற்றழுத்தம் இல்லாத இடத்தில் சட்னித் தண்ணீர் தானாகக் கொதிக்கும். கொதித்தபடியே உறைந்தும் போகும்.

செல்வி: கேஸும் வேண்டாம், பிரிட்ஜும் வேண்டாம். இப்படி ஓர் இடத்தை விட்டுவிட்டு இங்கே எதற்கு மாமூல் வாடகை கொடுத்துக்கொண்டிருக்கிறேன்? பார்சல் போய்ச் சேர எவ்வளவு நாள்?

கோவிந்தன்: விண்கலம் 2006இல் கிளம்பியது. 13 வருஷம்.

செல்வி: ஏற்காட்டுக்குக் கட்டிக்கொடுத்தாலே 20 கொண்டை ஊசி வளைவில் சட்னி பையோடு கலந்துவிடுகிறது.

கோவிந்தன்: அந்த வழியில் சொல்லும்படியான வளைவு ஒன்றுதான். 2007இல் வியாழன் பக்கமாகப் போய்த் திரும்பியது. அங்கே வேகம் குறையாது, கூடும்.

செல்வி: நம் டிரைவர்களும் அப்படித்தான் ஓட்டுகிறார்கள். பெயர் என்ன வைத்தாய்? செல்வி தட்டுவடை நிலையம் என்று போட்டுவிடு.

கோவிந்தன்: முடியாது அக்கா. சிறுகோளுக்கு வியாபாரப் பெயர் கூடாது என்று சர்வதேச வானியல் ஒன்றியத்தில் விதி இருக்கிறது. நம் காவலூர் வானாய்வகத்தில் 1988இல் கண்டுபிடித்த ஒன்றுக்கு ராமானுஜன் பெயர் வைத்திருக்கிறார்கள். கணித மேதை.

செல்வி: நானும் ராத்திரி பத்து மணிக்குக் கணக்குத்தான் போடுகிறேன். உன் பாக்கி 140 ரூபாய் என்று எந்த நோட்டையும் பார்க்காமல் சொல்வேன்.

கோவிந்தன்: (அவசரமாகத் தாளைத் திருப்பி) கடைசிக் கேள்வி அக்கா. இந்தக் கோளில் உயிர்கள் வாழ ஏற்ற சூழல் உள்ளதா?

செல்வி: காற்று இல்லை, கொடுங்குளிர். மழை இல்லை, வாடகை இல்லை, கடன் சொல்ல ஆள் இல்லை. மனிதர்கள் வாழ முடியாது, தட்டுவடைக் கடைக்காரர்கள் வாழலாம் என்று எழுது.